கடலுக்கு ஒன்றும் ஆகாதாம்!

"கடல் இதையெல்லாம் எத்தனையோ தடவை பார்த்தாச்சு பாஸ்" என்று ஒரு வாதம் சுற்றிக்கொண்டே இருக்கிறது. புவி வெப்பமாதல் என்று யாராவது வாயைத் திறந்தால் போதும், இது வந்து விழும். அந்தக் காலத்தில் காற்றில் கரியமில வாயு இன்றைக்கு இருப்பதைவிட அதிகமாக இருந்ததாம். பவளங்கள் டைனோசருக்கும் மூத்தவையாம். ஆஸ்திரேலியாவின் கிரேட் பேரியர் ரீஃப் 30,000 வருடத்தில் ஐந்து முறை செத்துச் செத்துப் பிழைத்ததாம். ஆகவே கடல்வாழ் உயிர்கள் எப்படியும் சமாளித்துக்கொள்ளும், நீங்கள் போய் உங்கள் வேலையைப் பாருங்கள். வாட்ஸப்பில் வருகிறது, கேன்டீன் பெஞ்சில் வருகிறது, டிவி விவாதத்தில் கோட்டு போட்டுக்கொண்டும் வருகிறது.

இதில் எனக்கு எரிச்சல் என்னவென்றால், அதில் இருக்கும் தகவல்கள் கிட்டத்தட்ட எல்லாமே சரி! பொய் சொன்னால் "பொய்" என்று சொல்லிவிட்டு நகர்ந்துவிடலாம். சரியான எண்களை வைத்துக்கொண்டு தப்பான கணக்கு எழுதுகிறார்களே, அதற்குத்தான் பதில் சொல்ல நேரமெடுக்கிறது. நான் படிப்பது பி.காம். பாறையைத் தட்டிப் பார்த்து வயது சொல்ல எனக்குத் தெரியாது. ஆனால் ஒரு கணக்கில் நஷ்டத்தை எங்கே ஒளித்து வைப்பார்கள் என்பது ஓரளவு தெரியும். அந்தக் கண்ணோடு இந்த வாதத்தைப் பார்க்கலாம்.

முதலில் அந்த "மூத்த" பவளங்கள்.

சுமார் 25.2 கோடி வருடங்களுக்கு முன், பெர்மியன் காலத்தின் கடைசியில், இன்றைய சைபீரியாவில் எரிமலைக் குழம்பு பொங்கியது. ஏதோ ஒரு மலை ஒரு நாள் வெடித்தது என்று நினைக்காதீர்கள். நிலம் பிளந்து லட்சக்கணக்கான வருடங்கள் வழிந்துகொண்டே இருந்தது. போகிற வழியில் இருந்த நிலக்கரி, சுண்ணாம்புக்கல், உப்புப் படிவங்கள் எல்லாவற்றையும் சேர்த்துச் சுட்டது. அதிலிருந்து கிளம்பிய வாயுக்களால் பூமி சூடேறியது. வெப்பமண்டலக் கடலின் மேற்பரப்பு மட்டும் 10 டிகிரி செல்சியஸ் அளவுக்குச் சூடானதாக மதிப்பிடுகிறார்கள். தண்ணீர் சூடானால் அதில் கரையும் ஆக்ஸிஜன் குறையும். அதே சூட்டில் குளிர்ரத்தப் பிராணிகளின் உடம்புக்கு ஆக்ஸிஜன் தேவை கூடும். வரவு குறைகிறது, செலவு ஏறுகிறது. இதற்கு மேல் விளக்கம் வேண்டுமா என்ன?

கடல் உயிரினங்களில் 80 சதவீதத்துக்கு மேல் அந்தக் கட்டத்தில் போய்விட்டன. 96 சதவீதம் என்ற பழைய மதிப்பீடும் உண்டு. எதை எடுத்துக்கொண்டாலும் பெரிய ஆறுதல் கிடையாது. சுமார் 27 கோடி வருடங்கள் கடலில் குப்பை கொட்டிய டிரைலோபைட்டுகளின் கதை அங்கேதான் முடிந்தது. சீனாவில் மெய்ஷான் என்ற இடத்துப் பாறை அடுக்குகளில் எரிமலைச் சாம்பலில் கிடைத்த சிர்கான் படிகங்களை வைத்து 2014ல் காலக்கணக்குப் போட்டார்கள். அழிவு நடந்து முடிய ஆன காலம் சுமார் 60,000 வருடம், 48,000 முன்னே பின்னே இருக்கலாம் என்று வந்தது. இந்த 60,000ஐ ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள், பின்னால் தேவைப்படும்.

சரி, பவளங்கள் என்ன ஆயின? அப்போதைய கடலில் இருந்தவை ரூகோசா, டாபுலேட்டா என்ற இரண்டு வகைப் பவளங்கள். மிச்சமிருந்த இரண்டுக்கும் அங்கேயே மூடுவிழா. ஒன்றுகூடத் தப்பவில்லை. இன்று நாம் பவளப்பாறை என்று சொல்வதைக் கட்டுகிற ஸ்க்ளெராக்டீனியா என்ற கூட்டம் புதைபடிவங்களில் தலைகாட்டுவது அதற்கப்புறம் 50 லட்சத்திலிருந்து ஒரு கோடி வருடம் கழித்து. இடைப்பட்ட காலத்துப் பாறைகளில் பவள எலும்புக்கூடு கிடைப்பதில்லை. கல் கூடு கட்டத் தெரியாத, கடல் சாமந்தி மாதிரியான ஏதோ ஒரு மெல்லுடலி தப்பித்து, அதன் வாரிசுகள் புதிதாகக் கூடு கட்டப் பழகின என்பது பல ஆய்வாளர்களின் கருத்து.

ஆக, "பவளங்கள் அன்றைக்கும் இருந்தன, இன்றைக்கும் இருக்கின்றன" என்பது எப்படிப்பட்ட வாக்கியம்? ஒரு கடை திவாலாகி, ஷட்டர் இறக்கி, பல தலைமுறை கழித்து வேறு யாரோ அதே தெருவில் அதே பெயரில் கடை போட்டால் "1920 முதல் இடைவிடாத சேவை" என்று போர்டு மாட்டுவது மாதிரி. போர்டைப் பார்க்கிறவனுக்குத் தெரியாது. பழைய கடைக்குக் கடன் கொடுத்தவனுக்குத் தெரியும் :-)

செத்ததும் பிழைத்ததும் குலுக்கல் முறையில் நடக்கவில்லை என்பது இன்னொரு விஷயம். ஆண்ட்ரூ நோல், ரிச்சர்ட் பாம்பாக் முதலியோர் 1996லேயே இதைக் கவனித்து எழுதினார்கள். கனமான சுண்ணாம்புக் கூடு, மந்தமான உடலியக்கம், ரத்த ஓட்டமோ செவுளோ சரியாக இல்லாத உடம்பு, இந்த ஜாதிகள் கொத்துக்கொத்தாகப் போயின. சிப்பி, நத்தை, மீன் வகைகள் ஒப்பீட்டளவில் தப்பின. 2018ல் ஜஸ்டின் பென், கர்டிஸ் டாய்ச் குழுவினர் கணினி மாதிரியில் அந்தக் கடலை மறுபடி சூடாக்கிப் பார்த்தபோது இன்னொன்று தெரிந்தது. பூமத்திய ரேகைப் பக்கம் இருந்த உயிர்கள் குளிர்ச்சியைத் தேடித் துருவம் நோக்கி நகர முடிந்தது. துருவத்துக் கிட்டே இருந்தவை நகர்ந்து போக வேறு இடமே இல்லை. புதைபடிவக் கணக்கும் அதையே காட்டியது. அதாவது யாருக்கு முதலில் அடி விழும் என்று முன்கூட்டியே ஒரு பட்டியல் போடலாம். கனமான சுண்ணாம்புக் கூடு கட்டி, இருந்த இடத்திலேயே வாழ்கிற இன்றைய பவளம் அந்தப் பட்டியலில் எந்த இடத்தில் வரும் என்று நான் சொல்ல வேண்டியதில்லை.

பிழைத்தவர்கள் நிலைமையும் ஒன்றும் ராஜபோகம் இல்லை. க்ளாரையா என்ற ஒரே ஒரு சிப்பி வகை உலகம் பூராவும் அடுக்கடுக்காகக் கிடைக்கிறது; போட்டிக்கு ஆளில்லாத ஊரில் கடை விரித்த மாதிரி. நத்தைகள் பல இடங்களில் தம்மாத்தூண்டு அளவுக்குச் சுருங்கிப்போயின. கலிவரின் பயணக் கதையில் வரும் குள்ளர்களை வைத்து இதற்கு லில்லிபுட் விளைவு என்றே பெயர் வைத்திருக்கிறார்கள். "உயிர் மீண்டது" என்ற இரண்டு வார்த்தைக்குள் இவ்வளவும் அடக்கம்.

மியூச்சுவல் ஃபண்ட் பாடத்தில் சர்வைவர்ஷிப் பயஸ் என்று ஒன்று வரும். இழுத்து மூடிய ஃபண்டுகளை லிஸ்டிலிருந்து எடுத்துவிட்டு, மிச்சம் இருப்பவற்றின் சராசரியைக் காட்டினால் எல்லா ஃபண்டுமே லாபம்தான். கடல் எதையும் தாங்கும் என்கிறவர்கள் செய்வது அட்சர சுத்தமாக அதேதான். இன்று உயிரோடு இருப்பவை எல்லாமே தப்பியவற்றின் வாரிசுகள். அவற்றைப் பார்த்து "பாருங்கள், எல்லாம் தப்பித்துவிட்டன" என்றால் எப்படி?

கடந்தகால சாதனையை வைத்து எதிர்காலத்துக்குக் கியாரண்டி கொடுக்கிறவர்கள் ஒரு தடவை அரியலூர், பெரம்பலூர் பக்கம் போய்விட்டு வரலாம். கிரெட்டேசியஸ் காலத்தில் அந்த இடமெல்லாம் கடல். பெரம்பலூர் மாவட்டத்துக் காரை கிராமத்தை ஒட்டிய வறண்ட ஓடைகளில் அம்மோனைட்டுகள் கிடைக்கும். ஆட்டுக்கிடா கொம்பு மாதிரி சுருண்ட ஓடு. 19ம் நூற்றாண்டிலேயே ஃபெர்டினாண்ட் ஸ்டோலிச்கா இந்தப் பகுதியின் புதைபடிவங்களைப் பற்றி வால்யூம் வால்யூமாக எழுதினார். (நாம் அந்தச் சுண்ணாம்புக்கல்லை வெட்டி சிமெண்ட் ஆக்கிக்கொண்டிருக்கிறோம். அது தனிப் புலம்பல், இன்னொரு நாள்.)

இந்த அம்மோனைட் குடும்பத்தின் டிராக் ரெக்கார்டைப் பாருங்கள். சுமார் 40 கோடி வருடம் முன்பு ஆரம்பம். டெவோனியன் முடிவில் வந்த பேரழிவில் தப்பியது. பெர்மியன் முடிவில் நூலிழையில் தப்பியது. டிரயாசிக் முடிவில் மறுபடி நூலிழையில் தப்பியது. ஒவ்வொரு தடவையும் மிஞ்சிய ஒன்றிரண்டு கிளையிலிருந்து திரும்பவும் கடல் நிறையப் பெருகியது. "சமாளிக்கும் உயிரினம்" என்று அன்றைக்கு ஒரு விருது கொடுத்திருந்தால் இதற்குத்தான் கொடுத்திருக்க வேண்டும். 6.6 கோடி வருடங்களுக்கு முன், விண்கல் விழுந்த அந்த நெருக்கடியில், மொத்தக் குடும்பமும் காலி. அதே கடலில் பக்கத்தில் நீந்திய நாட்டிலஸ் இன்னும் இருக்கிறது. அம்மோனைட் குஞ்சுகள் மிகச் சின்னவை, மேல்மட்டத்து மிதவை உயிர்களோடு மிதந்தவை. நாட்டிலஸ் பெரிய முட்டையாக, சிலவே இடும் என்று ஒரு விளக்கம் சொல்கிறார்கள். 33 கோடிக்கும் மேலான வருட அனுபவம் அந்த ஒரு வித்தியாசத்துக்கு முன்னால் செல்லாக்காசு.

அடுத்தது "முன்பு கரியமில வாயு இதைவிட அதிகம்" என்ற அஸ்திரம். உண்மைதான். கிரெட்டேசியஸ் காலத்தின் நடுவில் 1000 பிபிஎம் அளவுக்கு இருந்திருக்கலாம் என்று மதிப்பீடுகள் உண்டு. தொழிற்புரட்சிக்கு முன் 280ஆக இருந்தது இன்று 420ஐத் தாண்டியிருக்கிறது. 1000 எங்கே, 420 எங்கே என்று கேட்கிறார்கள்.

கேள்வியே தப்பு. கேட்க வேண்டியது எவ்வளவு என்பதல்ல, வருடத்துக்கு எவ்வளவு என்பது. ஐந்து லட்சம் கடனை இருபது வருடத் தவணையில் கட்டுவதும், நாளைக் காலை பத்து மணிக்குள் கட்டு என்பதும் ஒன்றா? தொகை ஒன்றுதான். ஆனால் இரண்டாவதில் வீடு ஏலத்துக்கு வரும்.

கடலில் இது நடக்கும் விதம் இப்படி. காற்றில் இருக்கும் கரியமில வாயு கடல் நீரில் கரைந்து அமிலமாகிறது. அந்த அமிலம், பவளமும் சிப்பியும் கூடு கட்ட எடுத்துக்கொள்ளும் கார்பனேட்டைத் தின்றுவிடுகிறது. ஆனால் கடலுக்கு இதற்கு ஒரு மாற்று மருந்து உண்டு. ஆழ்கடல் தரையில் கிடக்கும் சுண்ணாம்பு மெல்லக் கரைந்து அமிலத்தை முறிக்கும். நிலத்துப் பாறைகள் மழையில் கரைந்து ஆற்றோடு வந்து இன்னும் முறிக்கும். முதலாவதற்கு ஆயிரக்கணக்கான வருடம் ஆகும், இரண்டாவதற்கு லட்சக்கணக்கில். கரியமில வாயு கோடிக்கணக்கான வருடத்தில் மெதுவாக ஏறிய கிரெட்டேசியஸ் கடலுக்கு அந்த அவகாசம் இருந்தது. 1000 பிபிஎம்மிலும் கூடு கட்ட முடிந்தது அதனால்தான்.

அவகாசம் குறைந்தால் என்ன ஆகும் என்பதற்கும் உதாரணம் இருக்கிறது. 5.6 கோடி வருடங்களுக்கு முன், பேலியோசீன் முடிந்து ஈயோசீன் ஆரம்பிக்கும் இடம். அண்டார்டிகா அருகே துளையிட்டு எடுத்த படிவை வைத்து ஜேம்ஸ் கென்னட்டும் லோவெல் ஸ்டாட்டும் 1991ல் உலகத்துக்குச் சொன்ன விஷயம் இது. சில ஆயிரம் வருடங்களுக்குள் ஏகப்பட்ட கார்பன் வெளியேறி, பூமி 5 டிகிரிக்கு மேல் சூடாகியிருக்கிறது. தெற்கு அட்லாண்டிக்கில் வால்விஸ் ரிட்ஜ் என்ற கடலடி மலைத்தொடரில் எடுத்த மண்ணைப் பார்த்தால் விஷயம் கண்ணுக்கே தெரியும். வெளேரென்று வந்துகொண்டிருந்த சுண்ணாம்புச் சேறு திடீரென நின்று செங்களிமண் ஆகிறது. சுண்ணாம்பு கரைந்து போகும் ஆழத்தின் எல்லை அங்கே இரண்டு கிலோமீட்டருக்கும் மேல் மேலே ஏறிவந்துவிட்டது. ஆழ்கடல் தரையில் வாழ்ந்த ஃபோராமினிஃபெரா என்ற நுண்ணுயிர் இனங்களில் 30 முதல் 50 சதவீதம் அழிந்தது. பவளங்கள் கட்டிய பல திட்டுகள் சரிந்து, அந்த இடத்தை வேறு உயிர்கள் பிடித்தன. எல்லாம் பழைய நிலைக்கு வர ஒன்றரை, இரண்டு லட்சம் வருடம் ஆனது.

அப்போது கார்பன் வெளியேறிய வேகம் வருடத்துக்கு 110 கோடி டன்னைத் தாண்டவில்லை என்று ரிச்சர்ட் ஸீபி குழுவினர் 2016ல் கணக்கிட்டார்கள். நாம் இன்று வெளியிடுவது வருடத்துக்குச் சுமார் 1000 கோடி டன். கிட்டத்தட்ட ஒன்பது, பத்து மடங்கு. மொத்தத் தொகையில் நாம் இன்னும் அந்த அளவைத் தொடவில்லை, அதையும் சொல்லிவிட வேண்டும். வேகத்தில் அதை எப்போதோ தாண்டிவிட்டோம். கடல் மேற்பரப்பின் பி.ஹெச். 8.2லிருந்து 8.1க்கு வந்திருக்கிறது. "அட, வெறும் 0.1" என்று சிரிக்காதீர்கள், அது மடக்கை அளவுகோல். ஹைட்ரஜன் அயனி கால் பங்குக்கும் மேல் கூடியிருக்கிறது என்று அர்த்தம். பிளஸ் டூவில் மடக்கையை வெறுத்தவர்களில் நானும் ஒருவன்தான், ஆனால் இதற்காவது அது பயன்படட்டும்.

இனி அந்த "ஐந்து முறை செத்துப் பிழைத்த" கிரேட் பேரியர் ரீஃப். இது 2018ல் ஜோடி வெப்ஸ்டர் என்ற ஆய்வாளரின் குழு வெளியிட்ட ஆய்விலிருந்து உருவிய வரி. 2010ல் கடலடியில் துளையிட்டு எடுத்த பழைய பவளப்பாறைகளை வைத்துச் செய்தது. பனியுகத்தில் கடல்மட்டம் இறங்கியபோது பவளத்திட்டு வெயிலில் காய்ந்து செத்தது, இரண்டு முறை. பனி உருகிக் கடல் வேகமாக ஏறியபோது மூழ்கிச் செத்தது, இரண்டு முறை. கடைசியாகச் சுமார் 10,000 வருடம் முன்பு, ஏறிய கடலோடு வந்த வண்டல் மூச்சை அடைத்து ஒருமுறை. ஒவ்வொரு தடவையும் வருடத்துக்கு 20 செ.மீ. முதல் ஒன்றரை மீட்டர் வீதம் பக்கவாட்டில் நகர்ந்து, கடல் போன பக்கம் தானும் போய் மறுபடி வளர்ந்தது. பிரமாதமான கதை, படிக்கும்போது எனக்குக் கைதட்டத் தோன்றியது.

ஆனால் அந்த வரியை உருவியவர்கள் மீதி ஆய்வை அப்படியே விட்டுவிட்டார்கள். அப்போது கடல் சில டிகிரி சூடேற எடுத்துக்கொண்டது 10,000 வருடம். வண்டலும் அழுக்கு நீரும் வந்தபோது திட்டு தடுமாறியது என்று அந்த ஆய்வே சொல்கிறது. இன்றைய வேகத்தைத் தாங்குமா என்று ஆய்வாளர்களே சந்தேகப்படுகிறார்கள். அதே திட்டு சூட்டால் பெருமளவில் வெளிறிய வருடங்களை வரிசையாகப் படியுங்கள்: 1998, 2002, 2016, 2017, 2020, 2022, 2024. அடிபட்ட திட்டு தேறுவதற்கு, வேகமாக வளரும் பவளங்களுக்கே பத்து வருடமாவது வேண்டும். இடைவெளி எவ்வளவு கிடைக்கிறது என்று நீங்களே கழித்துப் பார்த்துக்கொள்ளலாம்.

"அப்படியானால் எத்தனை கடல் இனம் அழிந்துவிட்டது, சொல்லு?" என்று கேட்பார்கள். நியாயமான கேள்வி, மழுப்பக் கூடாது. கடந்த ஐந்நூறு வருடத்தில் முழுசாக அழிந்ததாகப் பதிவான கடல் விலங்கினங்கள் ஏறத்தாழ 15தான். பெர்மியனோடு ஒப்பிட்டு "இதோ ஆறாவது பேரழிவு நடந்து முடிந்தது" என்று போஸ்டர் அடிக்கிறவர்களும் கொஞ்சம் அடக்கி வாசிக்கலாம். ஆனால் மேலே ஞாபகம் வைத்துக்கொள்ளச் சொன்ன 60,000 நினைவிருக்கிறதா? நாம் நிலக்கரியை மும்முரமாக எரிக்க ஆரம்பித்து இருநூற்றுச் சொச்சம் வருடம்தான் ஆகிறது. அது 60,000ல் அரை சதவீதம்கூட இல்லை. ஏப்ரல் முதல் வாரக் கணக்கை மட்டும் பார்த்துவிட்டு "இந்த நிதியாண்டில் நஷ்டமே இல்லை" என்று எந்த ஆடிட்டராவது கையெழுத்துப் போடுவாரா?

அதோடு, ஓர் இனம் பூண்டோடு அழிந்தால்தான் நஷ்டம் என்று யார் சொன்னது? மத்தி மீனையே எடுத்துக்கொள்வோம். முன்பெல்லாம் பெரும்பாலும் மலபார்க் கரையில்தான் பாடு. 1980களின் பிற்பகுதியிலிருந்து தமிழகக் கரையிலும் கணிசமாகக் கிடைக்கிறது. கடல் சூடாவதை ஒரு காரணமாகச் சொல்கிறார்கள். மத்தி சமாளித்துக்கொண்டது, சந்தேகமே இல்லை. அதற்குத் துடுப்பு இருக்கிறது. வாதம் செய்கிறவர்களும் இந்த மாதிரி உதாரணத்தைத்தான் விரும்புவார்கள். ஆனால் அதே கடலில், மன்னார் வளைகுடாவில், தரையோடு ஒட்டிக்கொண்டிருக்கும் பவளத்துக்கு 2016 கோடையில் நடந்தது வேறு. உயிருள்ள பவளப் பரப்பு சுமார் 39 சதவீதத்திலிருந்து சுமார் 23க்கு இறங்கியது. ஒரே வருடத்தில். எந்தப் பவள இனமும் அழியவில்லை, ஆகவே அழிவுப் பட்டியலில் அது ஒரு வரிகூட இல்லை.

தூத்துக்குடிக்கும் ராமேஸ்வரத்துக்கும் நடுவே அங்கே 21 தீவுகள் இருந்தன. பவளத் திட்டுகள் அலையை உடைத்து, பவள மணலைக் கொடுத்துத் தாங்கிப் பிடித்த குட்டித் தீவுகள். அதில் விலங்குசல்லி, பூவரசன்பட்டி என்ற இரண்டு இன்று தண்ணீருக்குள். சூட்டினால்கூட அல்ல, சுண்ணாம்புக்காகப் பவளத்தை வருடக்கணக்காக வெட்டி எடுத்ததால். மிச்சம் 19. அந்தத் தீவுகளுக்கு இந்தப் பக்கம் கரையில் குடியிருக்கும் மீனவர்களிடம் போய், பவளம் டிரயாசிக்கில் மீண்டு வந்த கதையை இவர்கள் ஒருமுறை சொல்லிப் பார்க்கட்டும். எத்தனை வருஷம் ஆச்சு தம்பி என்று ஒரே ஒரு கேள்விதான் அவர்கள் கேட்பார்கள்.